காயப்போட்ட புல்லின் உட்பொருள்

படத்தைப் பார்க்க விடாமல் படத்தை விளக்குகிற ஓர் இனம் உண்டு. லண்டனில் அது ஹரோ பகுதியில் அதிகம். உங்களுக்கும் ஒருவரைத் தெரிந்திருக்குமே? எனக்குத் தெரிந்தவர் அம்பலவாணன். கிழமை நாட்களில் கவுன்சில் உத்தியோகம். சனிக்கிழமை தமிழ் வகுப்பு முடிந்ததும், அதே அறையில், திரைப்பட வட்டத்தின் தலைவர், செயலாளர், வீடியோ டெக்கை இயக்குபவர், எல்லாம் அவரே.

தொண்ணூற்றோராம் ஆண்டு ஜூனில், நோர்வே நாட்டுப்புறத்தின் கோடைகாலத்தைப் பற்றிய பதினெட்டு நிமிட ஆவணப்படம் ஒன்றைப் போட்டார். அதில் பேச்சே கிடையாது. அந்தக் குறையை அவர் நீக்கினார். ஏரி வந்தால் மனம் என்றார், குதிரை வந்தால் உழைப்பு என்றார், ஒரு கிழவி வெள்ளைத் துணி உலர்த்தினால் மானுடத்தின் மௌனம் என்றார். நாங்கள் பதினாறு பேரும், தேநீர் எப்போது வரும் என்ற கவலையை மறைத்துக்கொண்டு, தலையாட்டினோம். பிறகு ஒரு மலைச்சரிவு. வரிசை வரிசையாகக் குனிந்து நிற்பவர்கள் போல ஏதோ.

"இதைக் கவனியுங்கோ. மரண ஊர்வலம். கோடைக்குள்ளேயே சாவு நிக்குது."

"இல்லை அண்ணை. அது புல்லு."

சொன்னவர் கமலாம்பிகை. ஆஸ்பத்திரிச் சமையலறையில் வேலை. வகுப்புக்கு வந்த மகளைக் கூட்டிப்போக வந்தவர், படம் என்றதும் பின்வரிசையில் இருந்துவிட்டார்.

"புல்லுத்தான் தங்கச்சி. ஆனால் அதின்ர உட்பொருள்..."

"வேலி மாதிரிக் கம்பி கட்டி, அதிலை தொங்கப்போட்டுத்தான் காயவிடுறவை. லண்டனுக்கு வர முந்தி ரெண்டு கோடை நான் அங்கை ஒரு பண்ணையிலை தொங்கப்போட்டனான். கை முழுக்கக் கீறல். மழை வந்தால் பழுதாப் போயிடும் எண்டு அந்த வீட்டு அம்மா வானத்தையே பாத்துக்கொண்டு நிப்பா. குறை நினையாதேங்கோ அண்ணை. ஒருக்கா கதைக்காமல் போட ஏலுமே?"

அம்பலவாணனுக்குக் காது சிவந்தது. குறிப்புத்தாளை மடித்தார், விரித்தார், மறுபடி மடித்துப் பையில் வைத்தார். ரீவைண்ட் செய்தார்.

இம்முறை காற்றின் சத்தம் கேட்டது. ஒரு மாட்டு மணி கேட்டது. சரிவு வந்தபோது கமலாம்பிகை எழுந்துபோய் டிவிக்குக் கிட்ட நின்றார். படம் முடிந்தும் அப்படியே நின்றார்.

"அந்தமுறை மழை வந்ததோ, தங்கச்சி?" என்றார் அம்பலவாணன், மெதுவாக.

"வந்தது அண்ணை. ஆனால் அதுக்கு முந்தி எல்லாத்தையும் உள்ளுக்கு ஏத்தியிட்டம்."

அந்த வட்டத்தில் அம்பலவாணன் கேட்ட முதல் கேள்வி அது. இம்முறை தலையாட்டியது அவர், சொன்னது இன்னொருவர். பெரிய மாற்றம் என்று நினைத்தோம். நன்றியுரையில், பேசாமல் படம் பார்ப்பதன் சிறப்பைப் பற்றி இருபத்தைந்து நிமிடம் பேசினார்.

சிரிக்கிறீர்கள். நல்லது. ஆனால் பக்கத்திலிருப்பவரைத் தட்டி, "இது உண்மையிலை ஆரைப் பற்றினது தெரியுமோ?" என்று இன்னும் தொடங்கவில்லைதானே?