ஒன்பது சுற்று சுந்தரேசன்

இந்த மே மாதம் திருச்சிக்குப் போவதில்லை என்று தீர்மானம் போட்டேன். ஏகமனதாக நிறைவேறியது. கூட்டத்தில் நான் ஒருவன்தான் இருந்தேன்.

திருச்சியில் என் மச்சினன் சங்கரநாராயணன் புது வீடு கட்டியிருக்கிறான். கிரகப்பிரவேசம். பத்து நாள் தங்க வேண்டுமாம். போன தடவை அவன் பெண் கல்யாணத்துக்குப் போனபோது, "அத்திம்பேர், உங்களை விட்டா யாரு?" என்று ஸ்டோர் ரூம் சாவியை என் பூணூலில் முடிந்துவிட்டான். நாலு நாள் நான் மாப்பிள்ளையைப் பார்க்கவில்லை. தேங்காயைத்தான் பார்த்தேன்.

என் மனைவி வசுமதி மட்டும் போனால்? டெல்லி துவாரகா ஃப்ளாட்டில் நான், ஏ.சி., ஐ.பி.எல்., சமோசா. பத்து நாள். நினைத்த நிமிஷத்திலிருந்து என்னால் உட்கார முடியவில்லை, நிற்க முடியவில்லை. பால்கனிக்கும் ஃபிரிட்ஜுக்கும் நடுவே நடந்துகொண்டே இருந்தேன்.

ஆனால் வசுமதியிடம் சாதாரணச் சாக்கு செல்லாது. ஜுரம் என்றால் கஷாயம் வைப்பாள். லீவு இல்லை என்றால், என் டைரக்டரின் மனைவி அவளோடுதான் யோகா செய்கிறாள். லோதி ரோடு ஆபீஸில் லஞ்ச் நேரத்தில் பக்கத்து சீட் நரேனோடு செஸ் ஆடிக்கொண்டிருந்தபோதுதான் மூளையில் பல்ப் எரிந்தது. ஏப்ரல் முதல் வாரத்தில் வாயைத் திறந்தேன்.

"வசு, நான் இன்டர்நேஷனல் செஸ் டோர்னமென்ட்ல ஆடப்போறேன். இங்கேதான், லக்ஷ்மி நகர் பக்கம். ஒன்பது ரவுண்டு, தினம் ஒண்ணு."

"எப்போ?"

"கிரகப்பிரவேசத்தப்போ. அதான் மனசே கேக்கலை."

"போன் பண்ணினா எடுப்பேளோ?"

"ஹாலுக்குள்ளே போனே கூடாது. மணி அடிச்சா ஆட்டம் காலி."

"ஏன்னா, ஹம்பி பதினஞ்சு வயசுல கிராண்ட்மாஸ்டர் ஆனா. குகேஷ் பதினெட்டு வயசுல உலக சாம்பியன். உங்களுக்கு அம்பத்தெட்டு."

இவளுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்? நானும் விடவில்லை.

"கோர்ச்னோய்னு ஒருத்தர். எழுபத்தஞ்சு வயசுல உலகத்துல முதல் நூறு பேர்ல இருந்தார், தெரியுமோ?"

"அவர் எப்போ ஆட ஆரம்பிச்சார்?"

"சின்னப் பையனா இருக்கறச்சே."

"நீங்க?"

"சீரியஸாவா? போன புதன்கிழமை."

பெரிய யுத்தத்துக்குத் தயாராக இருந்தேன். அவளோ, "அச்சா, ஆடுங்கோ. திறமையை மூடி வைக்கப்படாது" என்று சொல்லிவிட்டு மாவு அரைக்கப் போனாள். முப்பத்தோரு வருஷத்தில் அவள் ஒரே பேச்சில் சம்மதித்தது அதுதான் முதல் தடவை. அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

மறுநாள் காலை ஐந்து மணிக்கு என் போர்வை பறந்தது.

"எழுந்திருங்கோ. கார்ல்சன் ஃபுட்பால் ஆடறாராம். உடம்பு திடமா இருந்தாத்தான் மூளை ஓடுமாம்."

சொசைட்டி பூங்காவை எட்டு ரவுண்டு ஓடினேன். பின்னால் நாய் ஓடியது. சாயங்காலம் ரிமோட்டைத் தேடினால் காணோம்.

"ஆனந்த் அஞ்சு தடவை உலக சாம்பியன் ஆனது ஐ.பி.எல். பார்த்தா?"

சமோசா நின்றது. ஊறவைத்த பாதாம் ஆறு. தினம் இரண்டு மணி நேரம் செஸ் போர்டு முன்னால் ஆடாமல் அசையாமல் இருக்க வேண்டும். என்னை ஆடச் சொன்னால்கூடப் பரவாயில்லை. அசையாமல் இருப்பதுதான் ஆகாத காரியம். கால் தானாக ஆடும். "காலை ஆட்டாதேள், யோசியுங்கோ" என்று சமையலறையிலிருந்து குரல் வரும். இன்னும் முப்பது நாள், இருபது நாள் என்று காலண்டரைப் பார்த்துப் பல்லைக் கடித்துக்கொண்டேன்.

கிளம்பும் நாளும் வந்தது. டாக்ஸி கீழே நிற்கிறது. வசுமதி பெட்டியைப் பூட்டிக்கொண்டே கேட்டாள்.

"லிஸ்ட்ல உங்க பேரே இல்லாம இருந்ததே?"

"எந்த லிஸ்ட்?"

"டோர்னமென்ட் வெப்சைட்ல. யார் யாரோட ஆடறா, யார் ஜெயிச்சா, எல்லாம் தினம் போடறாளே! நீங்க மறந்துட்டேள்னு நம்ம கௌஷிக்கை விட்டுப் பதிவு பண்ணச் சொல்லிட்டேன். நீங்கதான் நானூத்திப் பன்னிரண்டாவது. கடைசி. நாளைக்குக் காலம்பற பத்து மணிக்கு முதல் ஆட்டம். வரட்டுமா?"

உலகத்தில் எத்தனையோ பொய் இருக்கிறது. தியான முகாம் என்று சொல்லியிருக்கலாம். போயும் போயும், தும்மினால்கூட இணையதளத்தில் ஏற்றுகிற ஒரு விளையாட்டைப் பிடித்தேனே! குர்காவுனில் இருக்கிற என் பிள்ளை கௌஷிக் அப்பாவுக்குச் செய்த ஒரே உதவி இது.

மெட்ரோவில் ஒரு மணி நேரத்துக்கு மேல் நின்றுகொண்டே போனேன். ஹால் முழுக்கக் குழந்தைகள். டெல்லியில் கோடை விடுமுறை. என் எதிரில் ஷ்ரேயா என்று ஒன்பது வயசுப் பெண். நாற்காலியில் அவள் கால் தரையைத் தொடவில்லை. பதினேழாவது நகர்த்தலில் என் ராஜா விழுந்தார். கை கொடுத்துவிட்டு, "கோயி பாத் நஹீ, அங்கிள்" என்று ஆறுதல் சொன்னாள்.

வெளியே வந்து போனைத் திறந்தால் குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் முப்பத்தெட்டு செய்தி. கிரகப்பிரவேசத்துக்கு வந்த அத்தனை பேரும் என் ஆட்டத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

இரண்டாம் சுற்று, பூஜ்யம். மூன்றாம் சுற்று, பல் விழுந்த ஒரு பையன், பூஜ்யம். நாலாம் நாள் போகாமல் டி.வி. முன்னால் சாய்ந்தேன். பத்தரைக்கு எதிர் ஃப்ளாட் ரோஹிணி கதவைத் தட்டினாள்.

"மாமா, உங்க பேருக்கு நேரா ஆப்சென்ட்னு போட்டிருக்காம். உடம்பு சரியில்லையோன்னு மாமி பயந்துட்டா. இந்தாங்கோ, கஷாயம்."

நின்று பார்த்துக் கடைசிச் சொட்டு வரை குடிக்கவைத்துவிட்டுத்தான் போனாள். ஐந்தாம் நாள் ஓடினேன். யாரோ விலகியதால் எண்ணிக்கை ஒற்றைப்படை. கடைசி ஆளான எனக்கு எதிராளியே இல்லை. ஆடாமலே ஒரு பாயிண்ட் போட்டுவிட்டார்கள். உடனே சங்கரநாராயணன் போன் செய்தான்.

"அத்திம்பேர், பிரமாதம்! யாரை ஜெயிச்சேள்?"

"யாருமே வரலை."

"பயந்துட்டான் போலிருக்கு!"

அதற்கு மேல் என்னால் தாங்க முடியவில்லை. வெட்கம், வெயில், பாதாம். இதற்குத் தேங்காய் எண்ணுவதே தேவலை. போனை வசுமதியிடம் கொடுக்கச் சொன்னேன்.

"வசு, நான் தோத்தேன். டோர்னமென்டும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். நீ கேன்சல் பண்ணின என் டிக்கெட்டுக்குப் பதிலா கௌஷிக்கை ஃபிளைட் போடச் சொல்றேன். நாளைக்கே வந்துடறேன்."

"எந்த டிக்கெட்டை நான் கேன்சல் பண்ணினேன்?"

"எனக்குப் போட்டிருப்பியே, உன்னோட சேர்த்து."

பாவம் பார்க்கிற குரலில் சொன்னாள்.

"மார்ச் மாசமே ஒரு டிக்கெட்தான்னா போட்டேன். உங்களை விட்டுட்டு வர என்ன சாக்கு சொல்றதுன்னு தவிச்சிண்டிருந்தேன், நீங்களா வந்து செஸ்னேள்."