மச்சானின் பச்சைத் தூள்

உப்பைக் குறைத்தவர்கள் ஊரில் பலர் உண்டு. அவர்களால் யாருக்கும் தொந்தரவில்லை. உப்பை விட்டவர் என்று தனியாக ஓர் இனம் உண்டு. அவரை நீங்கள் தேடிப் போக வேண்டாம். அவரே வந்து சொல்லுவார்.

எங்கள் ஊரான மர்கிலானில் இந்த இனத்துக்குத் தலைவர் கோச்கார். என் பெரியப்பாவின் இரண்டாம் தாரத்து மூன்றாவது மகள் சனோபரைக் கட்டியவர். அந்த வகையில் எனக்கு மச்சான். இரத்த அழுத்தம் ஏறியிருக்கிறது, உப்பைக் குறையுங்கள் என்று வைத்தியர் சொன்னதுதான் தாமதம், சதகுப்பைக் கீரையும் கொத்தமல்லித் தழையும் திருநீற்றுப்பச்சையும் கட்டுக்கட்டாக வாங்கி வந்து, வெயில் பட்டால் மணம் போய்விடும் என்று விருந்தினர் அறை மெத்தைகள் மேல் பரப்பி, பொண்டாட்டியை அடுப்படியில் படுக்கச் சொல்லி, அந்த அறையில் யாரும் தும்மக்கூடாது என்று சட்டம் போட்டு, காய்ந்ததை வறுத்த சீரகத்தோடு இடித்து, மூன்று முறை சலித்து, காலமான தன் அண்ணனின் நஸ்வாய்க் குடுக்கையில் நிரப்பி இடுப்பில் செருகிக்கொண்டார். நஸ்வாய் என்றால் நாக்குக்கு அடியில் ஒதுக்கும் பச்சைப் புகையிலைத் தூள். எங்கள் ஆண்களில் பாதிப் பேர் இடுப்பில் அந்தச் சுரைக்குடுக்கை இருக்கும்.

அதன்பின் யார் வீட்டில் சாப்பிட்டாலும் குடுக்கை வெளியே வரும்.

“உப்பே கெடையாது. தெரியுதா?”

“தெரியுது மச்சான்.”

“தெரியக்கூடாதே. இன்னொரு சிட்டிகை போடு.”

மகள் நசோகத்தைப் பெண் கேட்டு முதலில் வந்தவர்கள், ஷூர்பாவை ஒரு வாய் குடித்துவிட்டு எழுந்து போனார்கள். சப்பென்று இறைச்சிச் சாறு வைத்தால் ‘பெண் இல்லை’ என்று நாசூக்காகச் சொல்வதாக எடுத்துக்கொண்டார்களாம்.

அடுத்து வந்தவர் தோஜிபாய். அவர் மகனை நசோகத்துக்கு ரொம்பப் பிடித்திருந்தது. இதுவும் கலைந்தால் வீட்டில் இருக்கமாட்டேன் என்று சொல்லிவிட்டாள். சனோபர் விருந்தாளிகள் சாற்றில் தன் கையால் உப்புப் போட்டாள். பிறகு புருஷனைப் பிடித்தாள்.

“ரொட்டியப் பிக்கிற வரைக்கும் அந்தக் குடுக்கைய எடுக்காதீங்க. பிச்சாச்சுன்னா நிச்சயம் முடிஞ்சுது. அப்புறம் அதுலயே குளிங்க.”

எடுக்காமல் இருப்பாரா? தோஜிபாய் தம் நஸ்வாய்க் குடுக்கையைச் சாப்பாட்டு விரிப்பின் மேல் வைத்தார். இவரும் பக்கத்தில் வைத்தார். இரண்டும் ஒரே கொடியில் காய்த்தவை போல இருந்தன.

“சம்பந்தி, நம்ம வீட்டுத் தூள் ஒரு சிட்டிகை…”

“மொதல்ல நீங்க,” என்றார் தோஜிபாய் மரியாதையாக.

மச்சான் பேச்சு மும்முரத்தில் சம்பந்தியின் குடுக்கையை எடுத்தார். உப்பில்லாத தம் கிண்ணத்தில் தாராளமாகத் தட்டினார். கலக்கி மடமடவென்று குடித்தார். நெற்றி வியர்த்தது. விக்கல் வந்தது. கண்கள் ஆளுக்கொரு திசையாகப் போயின.

“பாத்தீங்களா, உப்பு இல்லாததே தெரியல,” என்றவர் அப்படியே மெத்தையில் சாய்ந்தார்.

தோஜிபாய் பதறினார். “என்னாச்சு இவருக்கு?”

“அசதி. நேத்து பூரா இடிச்சாரு,” என்றாள் சனோபர், முகம் மாறாமல். பிறகு என்னைப் பார்த்தாள். அந்த விரிப்பில் வயதில் மூத்தவன் நான். மச்சான் வாய் திறக்காமல் இருக்கும் நேரம் இனி வாய்க்குமா? சட்டென்று ரொட்டியைப் பிய்த்தேன்.

நிச்சயம் முடிந்தது. தோஜிபாய் சந்தோஷமாக மிச்சமிருந்த குடுக்கையை எடுத்து, ஒரு சிட்டிகை நாக்கடியில் ஒதுக்கினார். “இன்னைக்கு நஸ்வாய் ஏறவே மாட்டேங்குதே,” என்று மேலும் மூன்று முறை ஒதுக்கினார்.

சாயங்காலம் மச்சான் எழுந்ததும் கேட்ட முதல் கேள்வி: “இன்னைக்குத்தான் கலவை சரியா வந்துச்சு. சீரகத்த எவ்ளோ நேரம் வறுத்தேன்?” இன்றுவரை வறுத்துக்கொண்டிருக்கிறார். நாங்கள் யாரும் சொல்லவில்லை.

தோஜிபாயோ, இனி நஸ்வாய் தமக்கு ஏறாது என்று முடிவுகட்டி, அதையே விட்டுவிட்டார். இப்போது அவர் குடுக்கையில் இருப்பது கீரைத் தூள். வழியில் போகிறவர்களை நிறுத்தி வாயைத் திறக்கச் சொல்கிறார்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். போன மாதம் நீங்கள் எதை விட்டீர்கள், சர்க்கரையா, தேநீரா? அதை இதுவரை எத்தனை பேரிடம் சொன்னீர்கள்?