வௌவாலுக்கு நான் கட்டிய உறவுமுறை

தெரியாததைத் தெரியாது என்று சொல்லும் பழக்கம் இருபத்தொரு வயது வரை எனக்கு இல்லை. அதைப் பழக்கிவிட்டது ஜப்பான் ராணுவம்.

அப்போது மலாயாவில், ரிங்லெட்டுக்கு மேலே ஒரு தேயிலைத் தோட்டத்தில் நான் கணக்கெழுதும் சின்னக் கிராணி. வெள்ளைக்காரத் துரை ஓடிப்போன பங்களாவில் ஒரு ஜப்பான் அதிகாரி குடியிருந்தார். அங்கே கிடந்த தடித்த ஆங்கிலப் புத்தகம் ஒன்று அவர் கண்ணில் பட்டது. படம் புரிந்தது, எழுத்து புரியவில்லை.

"தம்பி, நீதான் ஏழாங்கிளாஸ் இங்கிலீஷ் படிச்சவன்" என்று பெரிய கிராணி புத்தகத்தை என் தலையில் கட்டினார். "நாளைக்குக் காலையில பெரட்டுல ஆள் எண்ணும்போது கேப்பாராம். பார்த்துப் பேசுலா! சயாம் ரயிலு போட ஆள் புடிக்கிறாங்க, போனவன் திரும்புறதில்ல."

திறந்து பார்த்தேன். ஒவ்வொரு சொல்லும் ஒரு சரக்கு ரயில் நீளம். நீண்ட அலகும் தோல் சிறகுமாக ஒரு படம் இருந்தது. வௌவால்தான், கொஞ்சம் பெரிய சைஸ் என்று முடிவுகட்டி மூடிவைத்தேன். (படிப்பாளி!)

மறுநாள் கூடையும் கையுமாகத் தோட்டமே வரிசையில் நின்றது. அதிகாரி அந்தப் படத்தைக் காட்டி மலாயில் கேட்டார்.

"இது எந்த வம்சம்?"

"வௌவாலுக்குப் பாட்டன், துரை."

"குட்டிக்குப் பால் கொடுக்குமா?"

"கொடுக்கும், துரை."

"முட்டை போடாதா?"

(ஆசையாகக் கேட்கிறாரே, இல்லை என்று எப்படிச் சொல்வது?) "அதுவும் போடும், துரை."

கொழுந்து பறிக்கும் செல்லம்மா களுக்கென்று சிரித்தாள். அதிகாரி சிரிக்கவில்லை.

"நான் ஊரில் பள்ளிக்கூட வாத்தியார். விலங்குகளைப் பற்றித்தான் பாடம்" என்றார்.

நின்ற இடத்திலேயே என் உயிர் சயாமுக்குப் போய்த் திரும்பியது.

அவர் ஒரு கோணிச்சாக்கைக் கிழித்து, ஒரு முனையை என் மோதிர விரலிலும் மறுமுனையை இடுப்பிலும் கட்டச் சொன்னார். வௌவாலுக்குச் சிறகு பல விரல்களில் விரியும். இதற்கு அந்த ஒற்றை விரல்தான் சிறகைத் தாங்கும். இது டைனோசர் காலத்துப் பறக்கும் ஊர்வன இனம். டைனோசர் பங்காளி, முதலை தூரத்துச் சொந்தம், பறவைகூட இது பெற்ற பிள்ளை இல்லை. வாரிசே இல்லாமல் அழிந்த குடும்பம். இதையெல்லாம் அவர் சொல்லச் சொல்ல, நான் தமிழில் உரக்கக் கத்த வேண்டும்.

"இப்போது பற!"

சரிவில் ஓடினேன். மூன்றாவது எட்டில் சாக்கு காலில் சுற்றியது. தேயிலைச் செடிகளைத் தாண்டிப் பறந்து (பறந்தேன் என்பது உண்மை) மரவள்ளிப் பாத்திக்கு வெட்டிய எருக்குழியில் தலைகுப்புற இறங்கினேன்.

எழுந்து பார்த்தால், அதிகாரி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார். "இந்த வம்சம் ஏன் அழிந்தது என்று இன்றுதான் புரிந்தது" என்று சொல்லிவிட்டுப் புத்தகத்தோடு பங்களாவுக்கு நடந்தார். எனக்கு அடி விழவில்லை, சயாமும் இல்லை.

சண்டை முடிந்து, செல்லம்மாவைப் பெண் கேட்டுப் போனேன். அவள் அப்பா முறைப்படி விசாரித்தார்.

"மாப்பிள்ளைக்குச் சொந்தக்காரங்க யார் யாரு?"

நான் வாய் திறப்பதற்குள் உள்ளேயிருந்து குரல் வந்தது.

"டைனோசர் பங்காளிப்பா, முதல தூரத்துச் சொந்தம். வௌவாலு மட்டும் ஒறவே இல்ல!"

இன்றைக்கும் எங்கள் வீட்டுக் கல்யாணங்களில் சம்பந்தி வீட்டாருக்கு என்னை அப்படித்தான் அறிமுகம் செய்கிறார்கள்.