ரத்தம் கக்கிய கொய்யாப்பழம்

சுதந்திரம் வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. காஜா பெராங் என்ற மலாய் நாட்டு ஊரில் கொய்யாப்பழத்துக்குப் பேய் பிடித்துவிட்டது!

கண்டுபிடித்தவர் ஞானக்கண் பொன்னுதுரை சுவாமிகள். வெள்ளைக்காரனோடு கப்பலேற இடம் கிடைக்காத பேய்களெல்லாம் கொய்யாவுக்குள் குடியேறிவிட்டனவாம். தின்றால் குடல் அழுகுமாம். பேய்க்கு ஏன் டிக்கெட் கொடுக்கவில்லை என்று ஒருவரும் கேட்கவில்லை. சுவாமிகளின் கொட்டகையில் கூட்டம் முண்டியடித்தது.

சுவாமிகள் பழத்தைத் தீர்த்தத்தில் நனைப்பார். மஞ்சள் குழைத்துப் பூசிய பூசைக் கத்தியால் அறுப்பார். வெள்ளைச் சதையில் ரத்தம் வடியும். ஒரு வெள்ளிப் பணம் காணிக்கை வைத்தால் மந்திரித்து, வேறு கத்தியால் அறுப்பார். ரத்தம் வராது. கத்தி ஏன் மாறியது? பக்தர்களுக்கு அதைப் பார்க்க நேரமில்லை. கன்னத்தில் போட்டுக்கொள்வதிலேயே கை ஓயவில்லை.

பாசார் சந்தையில் கொய்யா விற்கும் பூங்காவனத்துக்குத்தான் வயிறு எரிந்தது. ஐந்து நாளாகப் போணியே இல்லை. விற்காத பழத்தைத் தின்றுதான் அவளும் மூன்று பிள்ளைகளும் உயிரோடு இருந்தார்கள். அதை யாரும் சாட்சியாக எடுத்துக்கொள்ளவில்லை.

டோபி கடை சேதுபதியிடம் போய் அழுதாள். "அண்ணே, நாளைக்கும் விக்கலன்னா அடுப்பு எரியாதுண்ணே."

"அழாத தங்கச்சி. அந்தச் சாமி வேட்டி நம்ம கடைக்குத்தான் வருது. பூரா மஞ்சக் கறை. சாபுன் போட்டுத் தொவச்சா செவக்குது. வா, ஒரு கை பாத்துருவோம்."

கொட்டகையில் சுவாமிகள் ஞானக்கண்ணைத் திறப்பதற்காக மற்ற இரண்டையும் மூடியிருந்தார். சேதுபதி பூசைக் கத்தியை எடுத்தார். மடியிலிருந்த ஈரச் சலவைச் சாபுனை எல்லார் முன்னாலும் அறுத்தார். செக்கச்செவேலென்று சிவந்தது.

"சாபுனுக்கும் சாபமா சாமி? இதுக்குள்ளயும் பேய் பூந்துருச்சா?"

சுவாமிகள் கண் விழித்தார். "அது... அது அழுக்குப் பேய்!"

"ஐயே, மஞ்சளும் சுண்ணாம்பும்லா!" என்று கூட்டத்திலிருந்த கோகிலா கத்தினாள். "நாம வீட்டுல ஆரத்தி கரைக்கிறதுதானே!"

தீர்த்தச் செம்பைக் கவிழ்த்தார்கள். அடியில் சுண்ணாம்பு. நிமிர்ந்து பார்த்தால் சுவாமிகளைக் காணோம். ஆரத்தி கரைத்தே கை சிவந்த பெண்கள் அத்தனை பேரும் ஐந்து நாளாக அங்கேதான் நின்றார்கள். கேட்கவே வெட்கமாக இருக்கிறது.

பூங்காவனம் ஒரு கொய்யாவைக் கழுவி, எல்லாரும் பார்க்கக் கடித்தாள். கூடை காலியாயிற்று. வாங்கியவர்களில் பாதிப்பேர் மெதுவாக ஒன்று கேட்டார்கள்: "மந்திரிச்ச பழந்தானே?"

அட மகாஜனங்களே! பழத்தைக் கழுவித் தின்னுங்கள். வேட்டியைச் சலவைக்குப் போடுங்கள். மூளையைப் போடாதீர்கள்!