எந்தப் பக்கம் என்று கேட்டார்கள்

வர்னாவில் இருக்கும் மதிப்புக்குரிய அக்கா ஸ்லாவ்காவுக்கு, ருசேயிலிருந்து தம்பி பென்கோ வணக்கத்துடன் எழுதுவது. நான் நலம், முழங்கால் மட்டும் நலமில்லை. அத்தானின் கண் ஆபரேஷன் நல்லபடி முடிந்ததில் சந்தோஷம். போலீஸ் என்னைப் பிடித்துக்கொண்டு போனதாக யாராவது சொல்லியிருந்தால் அது உண்மைதான். ஆனால் பயப்படாதே, எனக்கே இன்னும் ஒன்றும் புரியவில்லை.

உன் மருமகள் ரலிட்சா சோபியாவில் சட்டம் சொல்லிக்கொடுக்கிறாள் அல்லவா, இப்போது பயங்கரவாதத் தடுப்புச் சட்டத்தைப் பற்றிப் புத்தகம் எழுதுகிறாள். குண்டு வைப்பவனுக்காகப் போட்ட சட்டத்தில் ஒன்றும் செய்யாதவன் எப்படி மாட்டிக்கொள்கிறான் என்பதுதான் விஷயமாம். சனிக்கிழமை வீட்டுக்கு வந்தவள் தலைவலி என்று படுத்துவிட்டு, "அப்பா, இதை மட்டும் பிரிண்ட் போட்டுக் கொண்டுவந்துடுங்களேன்" என்று பென் டிரைவை நீட்டினாள். முப்பது வருஷம் டிராலி பஸ் ஓட்டியவனுக்கு இதெல்லாம் ஒரு வேலையா என்று கிளம்பினேன். கடைக்காரி முதல் பக்கத்தைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், மெஷின் சூடாகட்டும் என்று உட்காரச் சொன்னாள். மெஷின் சூடாவதற்குள் இரண்டு போலீஸ்காரர்கள் வந்துவிட்டார்கள்.

ஸ்டேஷனில் கிராசிமிர் என்று ஓர் அதிகாரி, பார்த்தால் நல்ல பிள்ளை, "என்ன தாத்தா, தடை செஞ்ச இயக்கங்களோட பட்டியலெல்லாம் வெச்சிருக்கீங்க?" என்றான்.

"என் பொண்ணு எழுதினது தம்பி. பயங்கரவாதத்தைப் பத்தி."

"எந்தப் பக்கம்?"

"ரெண்டு பக்கமும்தான். பேப்பர் மிச்சமாகும்னு சொன்னா."

அதை அப்படியே எழுதிக்கொண்டான் அக்கா! பிறகு சீஸ் வைத்த சூடான பனிட்சா ஒன்று சாப்பிட வாங்கிக் கொடுத்தான், ஒரு தாளை நீட்டினான். கண்ணாடி எடுத்துப் போகவில்லை. சாப்பிட்ட மரியாதைக்குக் கையெழுத்துப் போட்டேன்.

சாயங்காலம் ரலிட்சா பாய்ந்து வந்தாள். "அப்பா, என்ன எழுதிக் குடுத்திருக்கீங்க தெரியுமா? வக்கீல் வேண்டாம்னு!"

"அதான் நீ இருக்கியே, இன்னொரு வக்கீல் எதுக்கு?"

முகத்தை மூடிக்கொண்டாள். சிரித்தாளா அழுதாளா தெரியவில்லை. ஒருவழியாக என்னை விட்டுவிட்டார்கள், காகிதங்களைத் தரவில்லை.

போலீஸ்மேல் வழக்குப் போட வழி இருக்கிறதாம். "நீ போடச் சொன்னா போடறேன்" என்றேன். "நான் சொல்லக் கூடாதுப்பா. உரிமை உங்களோடது" என்கிறாள். ஒன்பது வருஷமாக இதையே சொல்லிக்கொடுக்கிறவள், சொந்த அப்பாவிடம் ஒரு வார்த்தை சொல்ல மாட்டாளாம். வழக்குக் காகிதத்தை மட்டும் தயார் செய்து மேஜைமேல் வைத்திருக்கிறாள். யோசித்துப் பார்த்தேன். யாரும் அடிக்கவில்லை, பனிட்சா வேறு கொடுத்தார்கள். எழுபத்தோரு வயதில் கோர்ட்டுக்கு அலைய என்னால் ஆகாது. வேண்டாம் என்று முடிவு செய்துவிட்டேன். நீதான் அவளைச் சமாதானப்படுத்த வேண்டும்.

அத்தானுக்கு வணக்கம், பிள்ளைகளுக்கு முத்தம். உங்கள் மேஜையில் ரொட்டியும் உப்பும் குறையாமல் இருக்கட்டும்.

உன் தம்பி,
பென்கோ

பி.கு.: கவரைப் பிரித்து இதைச் சேர்க்கிறேன். தபாலாபீஸ் வாசலில் ஒரு போலீஸ்காரன், "தாத்தா, பையைத் திறங்க" என்றான். "எதுக்கு?" என்றேன். "சும்மாதான்." "சும்மான்னு சட்டத்துல எந்தப் பிரிவுல இருக்கு? எழுதிக் குடு" என்று கேட்டுவிட்டேன். அவன் ஓரமாக நகர்ந்து போகச் சொல்லிவிட்டான். நேரே வீட்டுக்கு வந்து வழக்குக்குக் கையெழுத்துப் போட்டேன். மேலே எழுதியதையெல்லாம் கிழித்துவிடு. அப்படி ஒரு பிரிவு இருக்கிறதா இல்லையா என்பது எனக்கு இன்னும் தெரியாது அக்கா.