ஏசி அறையில் இருப்பது செடிதான்

அன்புள்ள மைத்துனனுக்கு,

உன் அத்தான் எழுதுவது. இங்கே நான் நலம், வெயில் என்னைவிட நலம். அங்கே நீயும் உன் வீட்டாரும், கோபித்துக்கொண்டு வந்து உன் வீட்டில் தங்கியிருக்கும் உன் அக்காவும் நலமென்றே எடுத்துக்கொள்கிறேன். உன் வீட்டுப் போனுக்கு எப்போது அடித்தாலும் அவளே எடுத்து, என் குரலைக் கேட்டதும் வைத்துவிடுவதால், இந்தக் கடிதத்தை உன் அலுவலக முகவரிக்கு அனுப்புகிறேன்.

விஷயம் இதுதான். எங்கள் படுக்கையறையில் நான் யாரையோ குடிவைத்திருப்பதாகத் தெருவில் பேச்சு. அது உன் அக்கா காதுக்கு வருமுன் உண்மை உன் காதுக்கு வர வேண்டும். அந்த அறையில் இருப்பது ஒரு தொட்டி, அதில் ஒரு செடி. அவ்வளவுதான்.

அலிசம் என்று ஒரு பூச்செடி. கொத்துக்கொத்தாக வெள்ளையில் பொடிப்பூ, தேன் வாசனை. குளிர்ந்த ஊர்களில் தானாகப் படர்ந்து கிடக்குமாம். அதை இந்த ஊர் மொட்டை மாடியில் வளர்த்தே தீருவேன் என்று உன் அக்கா பிடிவாதமாக முளைக்க வைத்திருந்தாள். ஓய்வு பெற்றவன் சும்மா இருக்கக் கூடாதென்று நான் மாடியைச் சுத்தம் செய்தபோது, களை என்று நினைத்து அத்தனையையும் பிடுங்கிவிட்டேன். துடைப்பமும் கையுமாக நின்ற என்னைப் பார்த்து அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும். பெட்டியை எடுத்துக்கொண்டு, "அது திரும்ப முளைச்சுப் பூக்கட்டும், அப்ப வரேன்" என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினாள். இங்கே வெயில் எப்படியென்று உனக்குத் தெரியும். இரண்டாவது சட்டையைப் பிழிந்து நிமிர்வதற்குள் கொடியில் போட்ட முதல் சட்டை காய்ந்து விறைத்துவிடும்.

சரி, பூக்க வைத்துவிடலாம் என்று விதைக் கடைக்குப் போனேன். "இந்த வெயில்லயா? மனுஷனே வாடுறான் சார், வேற ஏதாச்சும் வாங்கிட்டுப் போங்க" என்றார் கடைக்காரர். கேட்கவில்லை. வாங்கிவந்து விரலளவு ஆழத்தில் பத்திரமாகப் புதைத்தேன். ஒன்றும் வரவில்லை. திரும்பப் போனால், "புதைச்சுட்டீங்களா! அதுக்கு வெளிச்சம் படணும் சார், மேலாகத் தூவுங்க" என்றார். தூவினேன். விழுந்தது விதையா தூசியா என்று குனிந்து பார்த்தபோது தும்மல் வந்துவிட்டது, அந்தத் தடவை அதோடு போயிற்று. அடுத்த தடவை முளைத்தது. மகிழ்ச்சியில் உச்சிவெயிலில் மாடிக் குழாயைத் திறந்து தண்ணீர் விட்டேன். மாடித் தொட்டித் தண்ணீர் அந்நேரம் என்ன சூட்டில் இருக்கும் என்று நீயே சொல்லிவிடுவாய். வேலையிலிருந்த காலமெல்லாம் பாய்லர் ஓட்டியவன் நான், வெந்நீரைப் பற்றிப் புதியவர்களுக்கு வகுப்பெடுத்தவன். எனக்குக் கையை நீட்டித் தொட்டுப் பார்க்கத் தோன்றவில்லை. நாற்று அவிந்துவிட்டது.

அதனால்தான் இந்தத் தடவை தொட்டியைப் படுக்கையறைக்குக் கொண்டுவந்து ஏசியைப் போட்டேன். ஜன்னலோரம் உன் அக்கா படுக்கும் பக்கம் என்பதால் தொட்டி அங்கே இருக்கிறது, வேறு காரணம் இல்லை. அந்தக் குளிர் என் மூட்டுக்கு ஆகாது, ஆகவே நான் ஹாலில் பாயில் படுக்கிறேன். காலையில் ஜன்னலைத் திறந்து இளவெயில் காட்டுவேன், சூடு ஏறியதும் உள்ளே இழுத்துக்கொள்வேன். தனியாக இருப்பவன் வாய் சும்மா இருக்குமா? "வா, கொஞ்ச நேரம் வெயில்ல உக்காரு", "போதும், முகமே வாடிப்போச்சு, உள்ள போலாம்" என்று இரண்டு வார்த்தை பேசுவது வழக்கமாகிவிட்டது. அந்த ஜன்னலுக்கு நேர்கீழேதான் கீழ்வீட்டுத் தையல்காரர் மிஷின் போட்டு உட்கார்ந்திருக்கிறார் என்பது எனக்கு உறைக்கவில்லை.

நேற்று படியில் மடக்கினார். "சார், தப்பா நினைக்காதீங்க. மேல யாரு?"

"செடி."

"செடிக்கு எதுக்கு சார் ஏசி?"

வெளியே கொளுத்தும் வெயிலைக் கையால் காட்டினேன்.

"நான் நம்புறேன் சார். என் வீட்டுக்காரி நம்பணுமே! படுக்கையையே விட்டுக் கொடுத்துட்டு மனுஷன் ஹால்ல படுக்கிறாருன்னா சும்மாவாங்கிறா. உங்க வீட்டம்மாவுக்குப் போன் பண்ணியே தீருவேன்னு நிக்கிறா."

ஆகவே நீ பக்குவமாக அக்காவிடம் எடுத்துச் சொல். அறையில் வேறு ஆளில்லை. செடி மொட்டு விட்டிருக்கிறது, எப்போது பூக்கும் என்பது அதன் இஷ்டம். எனக்கு இங்கே ஒரு குறையும் இல்லை, வேளாவேளைக்கு எதையோ பொங்கித் தின்கிறேன். அவள் அவசரப்பட்டுக் கிளம்ப வேண்டாம். சொன்னபடி பூத்த பிறகே வரட்டும், நான் கூப்பிட்டதாக இருக்க வேண்டாம்.

உன் வீட்டில் எல்லோரும் நோய்நொடியில்லாமல், குழாயில் குளிர்ந்த தண்ணீரோடு நீடூழி வாழ வேண்டும் என்று வாழ்த்தும்,
உன் அத்தான்.

பி.கு.: உறையை ஒட்டும் நேரத்தில் உன் அக்காவே போன் செய்தாள், போனபிறகு முதல்முறையாக. "ரூம்ல யாரு?" என்றாள். செடி என்று சொல்ல வாயெடுத்தேன். "நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம். வர்ற ஞாயித்துக்கிழமை நானே வந்து பாத்துக்கறேன்" என்று வைத்துவிட்டாள். அந்தக் குரலைக் கேட்டதும் உறையிலிருந்து கடிதத்தைத் திரும்ப எடுத்து இதை எழுதுகிறேன். அவளில்லாமல் என்னால் முடியவில்லை மச்சான். அதனால் மேலே எழுதியதில் ஒரு வார்த்தையும் அவளிடம் சொல்லாதே. அவளே கேட்டால், "அத்தான் அப்படிப்பட்டவர் இல்லக்கா" என்று பாசத்தில் எதையாவது உளறிக் கெடுத்துவிடாதே. "எனக்கும் ஏதோ காதுல விழுந்துது" என்று இழு. ஞாயிற்றுக்கிழமை அவளை வண்டியில் ஏற்றும்வரை அந்தச் சந்தேகம் ஆறிப்போகாமல் பார்த்துக்கொள்.