கொட்டாவியார் தூங்கித் தீர்த்த வழக்கு

சேலத்திலிருந்து நாமக்கல் வரை சல்லடை போட்டுத் தேடினாலும், வீட்டுக்காரருக்கும் குடியிருப்பவருக்கும் நடுவில் கொட்டாவியாரைப் போல உட்காரக்கூடிய மனிதர் கிடைக்கமாட்டார். தொழில், வீட்டுத் தரகு. பெற்றோர் வைத்த பெயர் அவருக்கே ஞாபகம் இருந்ததா தெரியாது. எந்தப் பஞ்சாயத்திலும் வாயை முதலில் திறப்பவர் அவர்தான், பேசுவதற்காக அல்ல.

நாமகிரிப்பேட்டையில் ஒரு மஞ்சள் கிடங்கு. காலி செய்யச் சொல்லி உரிமையாளர் பூட்டுப் போட்டார். வாடகைக்கு எடுத்தவர் அதன்மேல் தன் பூட்டைப் போட்டார். சமரசம் பேசப் போன கொட்டாவியார் மூன்றாவதாகத் தன் பூட்டையும் மாட்டிவிட்டு பஸ் ஏறிவிட்டார். உள்ளே ஒருவருடைய மஞ்சள், இன்னொருவருடைய டிராக்டர். வேறு வழியில்லாமல் இருவரும் ஒரே பைக்கில் சாவி தேடி அவர் வீட்டுக்கு வந்தார்கள். வழியெல்லாம் அவரைத் திட்டியதில் ஒற்றுமையாகி, அடுத்த அறுவடை வரை கிடங்கை ஆளுக்குப் பாதியாக வைத்துக்கொள்வதென்று முடிவும் செய்திருந்தார்கள்.

"பொறகு எதுக்குங்க சாமி என்னெ எழுப்புனீங்க?" என்றாராம்.

என் முறையும் வந்தது. செவ்வாய்ப்பேட்டையில் நாங்கள் மாடியில் குடியிருந்தோம், வீட்டுக்காரர் கீழே. அவர் மகனுக்குப் பெண் நிச்சயமாகி, மாடி தேவைப்பட்டது. என் மகளோ பன்னிரண்டாம் வகுப்பு. பரீட்சைக்கு முன் பெட்டி கட்ட முடியாது. அவர் தண்ணீர் மோட்டார் போட மறந்தார். நாங்கள் கேட்டைச் சாத்த மறந்தோம். மறந்து மறந்தே இரண்டு குடும்பமும் களைத்துப்போனது. அவர் இருமல் கேட்டால்கூட எனக்குப் படியேறக் கால் வராது.

ஒரு ஞாயிறு மத்தியானம் கொட்டாவியார் வந்து மாடிப்படியின் நடுவில் உட்கார்ந்தார். "ரெண்டு பேரும் மனசுல இருக்கறதக் கொட்டிப்புடுங்க."

கொட்டினோம்.

"ஏனுங்க, ஊடு என்னுதுங்களா, இவருதுங்களா?" என்று வீட்டுக்காரர் கத்தினார்.

"புள்ளை நடுத்தெருவுல உக்காந்து படிக்கோணுங்களா?" என்று நானும் கத்தினேன்.

பதிலாக ஒரு குறட்டை வந்தது. கொட்டாவியார் சுவரில் சாய்ந்து உறங்கிவிட்டார்.

"மெதுவாப் பேசுங்க. பாவம், வெயில்ல வந்திருக்காரு," என்றார் வீட்டுக்காரர்.

மெல்லிய குரலில் சண்டை எடுபடுவதில்லை. 'உங்களைக் கோர்ட்டுக்கு இழுக்காம உடமாட்டனுங்க' என்பதைக் காதோடு சொன்னால் ஆறுதல் மாதிரி கேட்கிறது. பயத்தில் மகள் சாப்பிடுவதே இல்லை என்று சொன்னேன். "புது மருமக ஹால்ல படுக்கற மாதிரி ஆயிருமேங்க," என்றார் அவர். கடைசியில், பரீட்சை முடிந்து சித்திரையில் நாங்கள் காலி செய்வது, வைகாசியில் கல்யாணத்துக்கு நாள் பார்ப்பது, அதுவரை மோட்டார் தினமும் ஓடுவது என்று கிசுகிசுத்து முடித்தோம்.

கொட்டாவியார் கண் விழித்தார். "முடிஞ்சுதுங்களா சாமி? அப்ப நான் வாரேனுங்க."

நிஜமாகத் தூங்கினாரா, நடித்தாரா என்று நான் கேட்டதே இல்லை. புது வீட்டுக்கும் எப்போதாவது வருவார். வழக்கு ஒன்றும் இருக்காது. மோர் குடித்துவிட்டு ஹால் மூலையில் சாய்வார். மனைவி மிக்சியை நிறுத்திவிடுவாள். நான் ஃபேனை அவர் பக்கம் திருப்பி வைப்பேன்.